வண்டித் தச்சனும் வாக்னர்களும்

பிரேசில் நாட்டில் ஒருவர் தம் பெயர் வாக்னர் என்று சொன்னால், பெரும்பாலும் அது குடும்பப் பெயர் அன்று. பெற்றோர் சூட்டி மகிழ்ந்த பிள்ளைப் பெயர். அதே பெயரை ஜெர்மனியில் ஒருவர் சொன்னால், அது பாட்டன் பூட்டன் வழியாக அவரிடம் வந்து சேர்ந்த குடும்பப் பெயர். அவருக்கென்று இட்ட பெயர் அதற்கு முன்னால் வேறாக இருக்கும். ஒரே சொல் ஒரு நாட்டில் பெயர் வரிசையின் கடைசியிலும், மற்றொரு நாட்டில் முதலிலும் நிற்கிறது. இடையில் ஒரு மாகடல் கிடக்கிறது; ஏறத்தாழ எழுநூறாண்டுக் காலம் கிடக்கிறது; ஒரு பெருங்கலைஞனின் புகழும் அவன் தானே தேடிக்கொண்ட பழியும் கிடக்கின்றன. சொற்களை எடை போட்டுப் பழகியவர்கள் கூடும் இம்மலரில், இந்த ஒரு சொல் கடந்து வந்த வழியைச் சிறிது விரிவாகப் பேசலாம் என்று கருதுகிறேன்.

சொல்லின் பிறப்பு எளியது. ஜெர்மன் மொழியில் ‘வாகென்’ என்றால் வண்டி. அதனோடு ‘அர்’ என ஒலிக்கும் விகுதி சேர்ந்து வண்டி செய்பவனைக் குறிக்கும் சொல் ஆயிற்று. அவ்விகுதி இலத்தீனிலிருந்து ஜெர்மானிய மொழிகள் பெற்றது. நம் பலர்பால் ‘அர்’ விகுதியோடு அது ஒத்து ஒலிப்பது தற்செயலே. ஆனால் பகுதியில் இருக்கும் உறவு தற்செயல் அன்று. ‘வாகென்’ என்னும் சொல்லும், வடமொழியில் சுமத்தலையும் கொண்டுசெல்லுதலையும் குறிக்கும் ‘வஹ்’ என்னும் வேரும் ஒரே மூலத்தின் கிளைகள் என்பது மொழிநூலார் முடிபு. அவ்வேரில் பிறந்து நம் மொழிக்குள் வந்து, கோயில் மண்டபம் வரை ஏறி அமர்ந்துவிட்ட சொல் ‘வாகனம்’. சொல்லளவில் பார்த்தால், வாக்னர் என்பவர் நம்மூரில் ஆண்டுதோறும் உற்சவ வாகனம் செப்பனிடும் தச்சருக்கு ஒன்றுவிட்ட உறவினர்.

சில இடங்களில், சில காலங்களில், வண்டி ஓட்டியவனுக்கும் இப்பெயர் வழங்கியதுண்டு. எனினும் ஓட்டுபவனுக்குப் ‘ஃபூர்மான்’ என்னும் தனிச்சொல் அம்மொழியில் இருந்தது; ஆகவே வாக்னர் என்றால் பெரும்பாலும் செய்தவனையே கொள்ளவேண்டும்.

அவன் செய்தது என்ன என்பதையும் பார்த்துவிட வேண்டும்; ஏனெனில் பெயரின் முதற்பொருள் அங்கேதான் இருக்கிறது. வண்டியில் கடினமான பகுதி சக்கரம். குடம், ஆரக்கால், வட்டை என மூன்றும் மூன்று வகை மரத்தால் ஆகும். குடத்திற்கு எல்ம் மரம். அதன் இழைகள் ஒன்றோடொன்று பின்னிக் கிடப்பதால் சுற்றிலும் துளையிட்டாலும் பிளப்பதில்லை. ஆரக்காலுக்கு ஓக், அது பாரம் தாங்கும். வட்டைக்கு ஆஷ் அல்லது பீச் மரம். வெட்டிய மரத்தைப் பல ஆண்டுகள் உலரவிட்ட பிறகே உளி படவிடுவார்கள். ஆரக்கால்களை நேராக நிறுத்தாமல், சக்கரம் வெளிப்புறம் சிறிதே குழிந்த தட்டுப் போல் அமையும்படி சாய்த்துப் பொருத்துவார்கள். மேடு பள்ளத்தில் வண்டி இருபுறமும் ஆடும்போது பக்கவாட்டில் வரும் அழுத்தத்தைத் தாங்குவதற்கு அந்தச் சாய்வு வேண்டும். முடிவில் கொல்லன் இரும்புப் பட்டாவைச் சூடேற்றி விரியச் செய்து வட்டையின் மேல் மாட்டி நீர் ஊற்றுவான். இரும்பு சுருங்கும்போது சக்கரம் முழுவதும் ஒரே உடம்பாக இறுகிவிடும். மாட்டுவண்டிக்குப் பட்டா போடுவதைப் பார்த்திருப்பவர்களுக்கு இதில் புதிதாகச் சொல்ல ஒன்றுமில்லை. புறநானூற்றில் ஔவையார், ஒரே நாளில் எட்டுத் தேர் செய்யவல்ல தச்சன் ஒரு மாதம் முயன்று செய்த சக்கரத்திற்கு அதியமானை ஒப்பிட்டுப் பகைவரை எச்சரிக்கிறார். சக்கரத்தின் அருமை அறிந்த கண்ணே அந்த உவமையைக் கண்டிருக்க முடியும்.

ஜெர்மன் பேசும் நிலம் முழுவதும் இந்தத் தொழிலாளிக்கு ஒரே பெயர் இருக்கவில்லை. தெற்கிலும் தென்கிழக்கிலும், அதாவது பவேரியா, ஆஸ்திரியா முதலிய பகுதிகளில், அவன் வாக்னர். வடமேற்கில் அவன் சக்கரம் செய்பவன் என்னும் பொருளில் ‘ராடெமாகர்’. கிழக்கில் வண்டிச் சட்டம் செய்பவன் என்னும் பொருளில் ‘ஷ்டெல்மாகர்’. ரைன் ஆற்றங்கரையின் சில பகுதிகளில் அச்சுச் செய்பவன் என்று ‘எஸ்ஸர்’. வட்டை செதுக்குபவனை ‘ஃபெல்கன்ஹௌவர்’ என்று அழைத்த ஊர்களும் உண்டு. முழு வண்டியைப் பார்த்துப் பெயரிட்டவன் ஒருவன், சக்கரத்தைப் பார்த்துப் பெயரிட்டவன் ஒருவன், அச்சையும் வட்டையையும் பார்த்துப் பெயரிட்டவர்கள் வேறு சிலர். இவை யாவும் இன்று குடும்பப் பெயர்களாக வாழ்கின்றன. வாக்னர் என்பதே வடக்கில் ‘வேகெனர்’ என்றும், நடுப்பகுதியில் தேய்ந்து ‘வேனர்’ என்றும் திரிந்தது. கண்டங்கள் நகர்கின்றன என்று 1912இல் அறிவித்த அறிஞர் ஆல்ஃபிரட் வேகெனரின் பெயருக்கும் பொருள் வண்டித் தச்சனே. கண்டங்களையே உருட்டிவிட்டவருக்கு இதைவிடப் பொருத்தமான பெயர் கிடைத்திராது.

தொழிலைச் சொல்லும் சொல் ஆளின் பெயரானது எப்படி? பன்னிரண்டாம் நூற்றாண்டு அளவில் ரைன் ஆற்றங்கரை நகரங்களிலும் தெற்கு நகரங்களிலும் மக்கள்தொகை பெருகியது. பிள்ளைகளுக்கு இட்ட பெயர்களோ சிலவே. புனிதர்களின் பெயர்களே திரும்பத் திரும்ப வந்தன. ஒரு தெருவில் ஐந்து யோஹன்னஸ் இருந்தால் வரி எழுதும் கணக்கன் என்ன செய்வான்? பக்கத்தில் ஓர் அடையாளம் சேர்த்தான். வண்டித் தச்சன் யோஹன்னஸ், மாவு அரைக்கும் யோஹன்னஸ், நொண்டி யோஹன்னஸ் என்று அடைமொழிகள் தோன்றின. தொடக்கத்தில் அது ஆளுக்கான அடையாளம். ஆள் இறந்தால் அடையாளமும் இறக்கும். பின்னர் தகப்பன் பட்டறையை மகன் ஏற்றபோது அடைமொழியும் அவனோடு சென்றது. அதன்பின், மகன் பட்டறையை விட்டுவிட்டாலும் அடைமொழி அவனை விடவில்லை. பதினைந்து, பதினாறாம் நூற்றாண்டுகளுக்குள் பெரும்பாலான பகுதிகளில் இது நிலைபெற்றது. பவேரியாவில் 1677இல் குடும்பப் பெயரைத் தம் விருப்பப்படி மாற்றிக்கொள்வது தடுக்கப்பட்டது. 1875ஆம் ஆண்டுச் சட்டத்தால் பிறப்பு, மணம், இறப்பு ஆகியவற்றைப் பதியும் அரசுப் பதிவேடு ஜெர்மானியப் பேரரசு முழுவதற்கும் வந்தபோது, எழுத்துக்கூட்டு உட்பட எல்லாம் கல்லில் வெட்டியது போலாயிற்று.

இன்று ஜெர்மனியில் மிகுதியாக வழங்கும் குடும்பப் பெயர்களின் பட்டியலில் முதல் பத்துக்குள் வாக்னர் இருக்கிறது. மில்லர், கொல்லர், தையற்காரர், மீனவர், நெசவாளர் ஆகியோருக்கு அருகில் அவர் இடம். வண்டித் தச்சர்கள் அவ்வளவு பேர் இருந்தார்களா என்று கேட்கத் தோன்றும். காரணம் நேர்மாறானது. ஊரில் எல்லோரும் உழவர், தச்சனோ ஒருவன். ஒருவனாக இருப்பவனைத்தான் தொழில் சொல்லி அடையாளம் காட்ட முடியும். ஊருக்கு ஒருவனாக ஆயிரக்கணக்கான ஊர்களில் இருந்தவர்களின் பேரப்பிள்ளைகள் சேர்ந்து பெருங்கூட்டமாகிவிட்டார்கள்.

நம் சங்கப் புலவர் பெயர்கள் இங்கே நினைவுக்கு வராமல் இரா. மதுரைக் கூலவாணிகன் சீத்தலைச் சாத்தனார், மதுரை அறுவை வாணிகன் இளவேட்டனார், உறையூர் மருத்துவன் தாமோதரனார், தங்கால் பொற்கொல்லன் வெண்ணாகனார். கணக்கன் செய்ததையே பழந்தொகை தொகுத்தோரும் செய்திருக்கிறார்கள்: ஊரைச் சொல்லி, தொழிலைச் சொல்லி, பிறகு ஆளைச் சொன்னார்கள். தொல்காப்பியமும் உயர்திணைப் பெயர்களை வகுக்கும்போது நிலப்பெயர், குடிப்பெயர் ஆகியவற்றோடு வினைப்பெயர் என்று ஒரு வகை வைக்கிறது. ஆனால் நம்மிடம் அந்த அடை அவரவரோடு நின்றது. சாத்தனாரின் மகன் தானியம் விற்காவிட்டாலும் கூலவாணிகன் என்று அழைக்கப்பட்டான் என்பதற்குச் சான்று ஏதும் இல்லை. ஜெர்மனியில் அழைத்தார்கள்; வேறுபாடு அங்கேதான் தொடங்குகிறது.

பெயரும் தொழிலும் பிரிந்துபோனதற்கு ஓர் அழகிய சான்று ஆஸ்திரியாவில் உண்டு. ரீட் என்னும் ஊரில் 1924இல் தொழில் தொடங்கிய யோசெஃப் ஃபிஷர் என்பவர் தொழிலால் வண்டித் தச்சர். கைவண்டியும் பனிச்சறுக்கு வண்டியும் செய்தவர். அந்தப் பட்டறையே பின்னாளில் உலகறிந்த பனிச்சறுக்குப் பலகை நிறுவனமாக வளர்ந்தது. ‘ஃபிஷர்’ என்பதற்குப் பொருள் மீனவன். மீனவன் என்னும் பெயருடையவர் வாக்னர் தொழில் செய்தார். வாக்னர் என்னும் பெயருடையவர்களோ எழுத்தராகவும் ஆசிரியராகவும் ஆகிவிட்டிருந்தார்கள். இழுவை இயந்திரமும் காற்றடைத்த இரப்பர்ச் சக்கரமும் வந்த பிறகு தொழிலே ஒடுங்கியது. ஜெர்மனியின் கைவினைத் தொழில் ஒழுங்கில் இன்று அதன் வாரிசாக இருப்பது மோட்டார் வாகனங்களுக்கு உடற்கூடு கட்டும் தொழில். பட்டறை மூடியது, பெயர்ப் பலகை மட்டும் வீட்டுவாசல் அழைப்புமணியின் அருகில் இன்றும் இருக்கிறது.

இலக்கியத்தில் இப்பெயர் முதலில் புகழ்பெற்றது அவ்வளவு பெருமைக்குரிய இடத்தில் அன்று. சாத்தானுக்கு ஆன்மாவை விற்ற ஃபாஸ்ட் கதை 1587இல் மக்கள் நூலாக அச்சேறியபோது, அவனுடைய மாணவனும் ஏவலனுமாக வருபவன் வாக்னர். 1593இல் அவனுக்கென்றே தனிநூல் வந்தது. கெதே தம் காவியத்தில் அவனை ஏட்டுப் புழுவாக, ஆசிரியனின் தீயில் ஒரு பொறியும் பற்றாத கல்விச் செருக்கனாகப் படைத்தார். இந்த வாக்னரின் பெயரை எந்தத் தாயும் பிள்ளைக்கு இடவில்லை.

பெயரைத் தூக்கி நிறுத்தியவர் 1813 மே 22இல் லைப்ஸிக் நகரில் பிறந்த ரிச்சர்ட் வாக்னர். அவருடைய தந்தை காவல்துறை எழுத்தர். வண்டிப் பட்டறை அக்குடும்பத்தின் நினைவில் இருந்ததாகத் தெரியவில்லை. குழந்தை பிறந்த ஆறாவது மாதம் தந்தை காய்ச்சலில் இறந்தார். அடுத்த ஆண்டில் தாய் மறுமணம் செய்துகொண்டார். மணந்தவர் லுட்விக் கயர், நடிகர், ஓவியர். ஏறத்தாழ பதினான்கு வயது வரை சிறுவனின் பெயர் ரிச்சர்ட் கயர்; டிரெஸ்டன் நகரப் பள்ளிப் பதிவிலும் அப்படியே. ‘கயர்’ என்பது கழுகினத்தைச் சேர்ந்த பிணந்தின்னிப் பறவையின் பெயர். பிற்காலத்தில் தம் வாழ்க்கை வரலாற்றைத் தனிச் சுற்றுக்கென அச்சிட்டபோது, அதன் முகப்புச் சின்னத்தில் அப்பறவையின் உருவத்தைப் பொறிக்கச் செய்தார் வாக்னர். கயரே தம் உண்மைத் தந்தையாக இருக்கலாம் என்னும் ஐயம் அவருக்கு இருந்தது என்று வரலாற்றாசிரியர் பலர் கருதுவர். நட்பு முறிந்த பின் நீட்ஷே 1888இல் எழுதிய நூலில் இந்தக் கயர் என்னும் பெயரை வைத்தே குத்திக் காட்டினார். யூதரிடையே மிகுதியாக வழங்கிய மற்றொரு பறவைப் பெயரோடு அதை இணைத்து, யூதப் பகைவரான வாக்னரே யூதக் குருதியினரோ என்று சுட்டிவிட்டார். கயர் யூதர் என்பதற்குச் சான்று இல்லை. சொல்விளையாட்டின் கூர்மை மட்டும் நின்றுவிட்டது.

சற்றே எண்ணிப் பார்க்க வேண்டிய இடம் இது. பதினான்கு வயதில் அச்சிறுவன் பழைய பெயருக்குத் திரும்பாமல் இருந்திருந்தால், பிரேசிலின் பல்லாயிரம் ஆண்மக்கள் இன்று கயர் என்று அழைக்கப்பட்டிருப்பார்கள். ஒரு விதவைத் தாயின் மறுமணமும், ஒரு சிறுவனின் பெயர் மாற்றமும், கடல் கடந்த ஒரு நாட்டின் வீட்டு வாசல்களில் எந்தப் பெயரைச் சொல்லிப் பிள்ளைகளைச் சாப்பிட அழைப்பார்கள் என்பதை முடிவு செய்தன.

பெயர் குறித்த மற்றொரு செய்தி இதைவிடக் கசப்பானது. 1850 செப்டம்பரில் ஓர் இசை இதழில் ‘இசையில் யூதத்தன்மை’ என்னும் கட்டுரை வெளிவந்தது. யூதர்களால் மெய்யான கலை படைக்க இயலாது என்பது அதன் வாதம். எழுதியவர் பெயர் ‘கே. ஃப்ரைகெடாங்க்’ என்று இருந்தது. சுதந்திரச் சிந்தனை என்பது அப்பெயரின் பொருள். எழுதியவர் ரிச்சர்ட் வாக்னர். தம் பெயரை மறைத்துக்கொண்டு பிறர் இனத்தைப் பழித்த அவர், 1869இல் அதையே விரித்துத் தம் சொந்தப் பெயரில் மீண்டும் வெளியிட்டார். முதல் முறை அச்சம் இருந்தது. இரண்டாம் முறை அதுவும் இல்லை.

இவற்றுக்கு இடையில், 1868இல் மியூனிக் நகரில் அவருடைய ‘நூரென்பெர்க் மைஸ்டர்சிங்கர்’ அரங்கேறியது. நம் போன்ற கவிதை வட்டத்தாருக்கு மிக நெருக்கமான கதை அது. பதினாறாம் நூற்றாண்டு நூரென்பெர்க்கில் கைவினைஞர்களே கூடிக் கவிமன்றம் நடத்தினர், யாப்பு விதிகளைக் காத்தனர், பிழை எண்ணினர். நாடகத்தின் தலைவன் ஹான்ஸ் சாக்ஸ் வரலாற்றில் வாழ்ந்த செருப்புத் தைக்கும் கவிஞர். 1494 முதல் 1576 வரை வாழ்ந்தவர். நாடகத்தில் வரும் பன்னிரு கவிவாணர்களின் பெயரோடும் தொழிலும் குறிக்கப்பட்டிருக்கிறது: பொற்கொல்லர், ரொட்டி சுடுபவர், தையற்காரர், சோப்புக் காய்ச்சுபவர், காலுறை பின்னுபவர், செம்புக் கொல்லர். கூலவாணிகன் சாத்தனாரும் அறுவை வாணிகன் இளவேட்டனாரும் அங்கே போய் உட்கார்ந்தால் அந்நியராகத் தோன்றமாட்டார்கள். அப்பன்னிருவரில் வண்டித் தச்சன் மட்டும் இல்லை. தம் பெயருக்குரிய தொழிலை அவர் விட்டுவிட்டார். மறந்தாரா, ஒதுக்கினாரா என்று சொல்வதற்கில்லை.

இனிப் பிரேசில். பேரரசர் இரண்டாம் பெத்ரோ கல்வியிலும் கலையிலும் தணியாத ஆர்வம் உடையவர். 1857இல் வாக்னர் கடனாளியாகச் சூரிக்கில் நாடுகடந்து வாழ்ந்தபோது, பிரேசில் பேரரசர் அவரை ரியோ டி ஜெனீரோவிற்கு வரவேற்க விரும்புவதாக ஒருவர் வந்து சொன்னார். வாக்னர் தம் இசைநாடகங்களின் பிரதிகளை அனுப்பி வைத்தார். அப்போது மனத்தில் உருவாகிக்கொண்டிருந்த ‘டிரிஸ்டானை’ இத்தாலிய மொழியில் ரியோவிற்குக் கொடுக்கலாமோ என்றுகூட எண்ணினார். பதில் வரவில்லை. ஆனால் 1876 ஆகஸ்டில் பைராய்ட் அரங்கம் திறக்கப்பட்டபோது அப்பேரரசரே நேரில் வந்து அமர்ந்திருந்தார். விடுதிப் பதிவேட்டில் தொழில் என்னும் கட்டத்தில் ‘பேரரசர்’ என்று எழுதினார் என ஒரு கதை வழங்குகிறது. அத்தொழில் அவருக்கு 1889 வரைதான் நிலைத்தது. அந்த ஆண்டு பிரேசில் குடியரசாயிற்று. ஜெர்மனியிலோ பேரரசர் என்று பொருள்படும் ‘கைசர்’ என்னும் குடும்பப் பெயரோடு அஞ்சற்காரரும் காய்கறி விற்பவரும் இன்றும் இருக்கிறார்கள்.

பேரரசரின் ஆர்வத்திலிருந்து நேராகப் பிள்ளைப் பெயர்கள் முளைத்தன என்று சொல்வது பொருந்தாது. அதற்கு வேறொரு மண் இருந்தது. புகழ்பெற்றோரின் குடும்பப் பெயரை எடுத்துப் பிள்ளைக்கு முதற்பெயராக இடுவது பிரேசிலில் வேரூன்றிய வழக்கம். வாஷிங்டன், ஜெஃபர்சன், எடிசன், நெல்சன், வெலிங்டன், நியூட்டன், மில்டன் என அங்கே தெருவுக்குத் தெரு உலக வரலாறு விளையாடிக்கொண்டிருக்கும். நாட்டின் குடியரசுத் தலைவராக 1926 முதல் 1930 வரை இருந்தவர் பெயரே வாஷிங்டன் லூயிஸ். சாவோ பாவ்லோ மாநிலத்தில் குடியேறிய இத்தாலியர் ஒருவர் தம் ஆண்மக்களுக்கு மோட்ஸார்ட், ரொஸ்ஸினி, பெல்லினி, வெர்டி என்று பெயரிட்டார். 1907இல் பிறந்த மோட்ஸார்ட் கமார்கோ குவார்னியேரி உண்மையிலேயே நாட்டின் தலைசிறந்த இசையமைப்பாளர்களுள் ஒருவரானார். ஆனால் கையெழுத்தில் அந்த முதற்பெயரை ஓரெழுத்தாகக் குறுக்கிக்கொண்டார். ஆசானின் பெயருக்கு இழுக்கு வரக்கூடாது என்பது காரணமாகச் சொல்லப்படுகிறது. தந்தை ஆசையால் வைத்ததை மகன் அடக்கத்தால் மறைத்தார். தம்பி ரொஸ்ஸினி கவிஞரானார்.

வாக்னர் என்னும் பெயரும் இந்த வழியே வீடுகளுக்குள் நுழைந்தது. 1945இல் மீனாஸ் ஜெராயிஸ் மாநிலத்தில் ஓர் இசைக் குடும்பத்தில் பிறந்த வாக்னர் டீசோ, பாடகர் மில்டன் நாசிமெந்தோவின் நெடுங்காலத் துணைவராக விளங்கிய இசையமைப்பாளர். அவ்விருவரும் சேர்ந்து மேடையேறினால், ஓர் ஆங்கிலக் கவியின் குடும்பப் பெயரும் ஒரு ஜெர்மன் இசைஞரின் குடும்பப் பெயரும் முதற்பெயர்களாக நின்று பிரேசில் இசை பாடின. இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இப்பெயர் எல்லாத் தரப்பிலும் பரவியது. அப்போது அதற்கு இசைநாடகத்தோடு தொடர்பு இருக்க வேண்டிய தேவையும் இல்லை. பக்கத்து வீட்டு வாக்னர் நன்றாகப் பந்து உதைத்தான். ஆகவே நம் பிள்ளைக்கும் அப்பெயர். வால்டர், வில்சன், வாஷிங்டன் என்னும் வரிசையில் அது செவிக்குப் பொருந்தியும் வந்தது.

குடும்பப் பெயர் என்று ஒன்று இல்லாத நமக்கு இது நன்கு விளங்கும். லெனின், மார்க்ஸ், இங்கர்சால், போஸ், நேரு என நம் ஊர்களில் சூட்டப்பட்ட பெயர்கள் யாவும் அவர்களுக்குக் குடும்பப் பெயர்களோ புனைபெயர்களோதாம். 1953இல் தம் மகனுக்கு ஸ்டாலின் என்று கருணாநிதி பெயரிட்டதும் இந்த வழக்கத்தைச் சார்ந்ததே. தொழிலிலிருந்து குடும்பத்துக்கும், குடும்பத்திலிருந்து பிள்ளைக்கும் வந்த பெயர்தான் வேண்டும் என்றால் அதற்கும் நம்மிடம் எடுத்துக்காட்டு உண்டு: காந்தி. குஜராத்தில் அது நறுமணப் பொருளும் பலசரக்கும் விற்றவரின் பெயர். தம் முன்னோர் பலசரக்கு வணிகராக இருந்திருக்க வேண்டும் என்று காந்தியடிகளே தம் சுயசரிதையின் தொடக்கத்தில் எழுதுகிறார். தமிழ்நாட்டில் காந்தி என்று பிள்ளைக்குப் பெயரிட்டவர் எவரும் பலசரக்குக் கடையை எண்ணவில்லை.

பிரேசில் இப்பெயரை அப்படியே வைத்துக்கொள்ளவும் இல்லை. 1943இல் அந்நாடு மேற்கொண்ட எழுத்து முறையில் ‘டபிள்யூ’ என்னும் எழுத்துக்கு நெடுங்கணக்கில் இடமில்லை. ஆகவே ‘வி’ எழுத்தில் தொடங்கி எழுதும் வாக்னர்கள் தோன்றினர். முதல் உயிருக்கு மேல் அழுத்தக்குறி இட்டவர் சிலர், இடாதவர் சிலர். போர்த்துக்கேய மொழியுலகின் 1990ஆம் ஆண்டு எழுத்து உடன்படிக்கை 2009 ஜனவரி முதல் நாள் பிரேசிலில் நடைமுறைக்கு வந்தபோது, விலக்கப்பட்ட எழுத்து மீண்டும் நெடுங்கணக்கில் சேர்ந்தது. அதற்குள் மூன்று நான்கு வகை வாக்னர்கள் பதிவேடுகளில் ஏறிவிட்டார்கள். ஒலிப்பிலும் மாற்றம். இரண்டு மெய்கள் அடுத்து நிற்பதை அம்மக்களின் நா விரும்புவதில்லை. இடையில் ஓர் இகரத்தை நுழைத்து ‘வாகினெர்’ என்று இழுத்துச் சொல்வார்கள். ரத்நத்தை இரத்தினம் ஆக்கிய நமக்கு அந்த இகரத்தின் இனிமை தெரியும். ஜெர்மனியில் இரண்டு அசையாக இருந்தது மூன்றசைச் சொல்லாகிவிட்டது. தமதாக்கிக்கொள்வது என்றால் இதுதான் என்று நான் நினைக்கிறேன்.

ஆனால் எல்லா இடத்திலும் பெயர் இவ்வாறு இலேசாகிவிடவில்லை. 1938 நவம்பரில் ஜெர்மனியில் யூதர்களின் கோயில்களும் கடைகளும் எரிக்கப்பட்டபோது, அன்றைய பாலஸ்தீன இசைக்குழு தன் நிகழ்ச்சியிலிருந்து மைஸ்டர்சிங்கர் முன்னிசையை நீக்கியது. அன்று தொடங்கிய விலக்கு இஸ்ரேலில் எழுதப்படாத விதியாக இன்றும் நிலவுகிறது. 2001 ஜூலையில் எருசலேமில் டேனியல் பாரன்பாய்ம் டிரிஸ்டானின் முன்னிசையை நிகழ்ச்சிக்குப் பின் இசைத்தபோது அவையோர் சிலர் கதவை அறைந்து வெளியேறினர். முகாம்களிலிருந்து மீண்டவர்கள் வாழும் நாட்டில் அப்பெயர் காதில் விழும்போது வண்டியும் தெரியாது, இசையும் கேட்காது. ருஷ்யாவில் நடந்தது இன்னும் அண்மைக் கதை. டிமித்ரி உட்கின் என்னும் முன்னாள் படை அதிகாரி, கம்பியில்லாத் தகவலில் தமக்கு ‘வாக்னர்’ என்று அழைப்புப்பெயர் வைத்துக்கொண்டார். நாஜிகள் மீது அவருக்கிருந்த பற்றே அதற்குக் காரணம் என்று செய்தியாளர்கள் எழுதினர். 2014 முதல் வெளிப்பட்ட கூலிப்படைக்கு அப்பெயரே நிலைத்தது. உக்ரைனிலும் சிரியாவிலும் ஆப்பிரிக்க நாடுகளிலும் அதைக் கேட்டு மக்கள் நடுங்கினர். 2023 ஆகஸ்ட் 23இல் உட்கினும் படைத்தலைவர் பிரிகோஷினும் விமான வீழ்ச்சியில் மாண்டனர். இதே ருஷ்யாவில் சில ஆண்டுகளுக்கு முன்பு அந்தப் பெயரை ஆயிரக்கணக்கானோர் மகிழ்ச்சியோடு கூவியிருக்கிறார்கள்: மாஸ்கோவின் சி.எஸ்.கே.ஏ. கால்பந்து அணி 2005இல் ஐரோப்பிய யூஇஎஃப்ஏ கோப்பையை வென்றபோது இறுதியாட்டத்தில் கோல் அடித்தவர்களுள் ஒருவர் ரியோவில் பிறந்த கறுப்பின இளைஞர் வாக்னர் லவ்.

இசைஞர் ரிச்சர்ட் வாக்னர் அந்த இளைஞரைக் கண்டால் என்ன நினைத்திருப்பார் என்பதை ஊகிக்க அவருடைய கட்டுரைகளைப் படித்தவர்களுக்கு அதிக நேரம் ஆகாது. அதனாலேயே பிரேசில் பெற்றோரின் செயல் எனக்குப் பிடிக்கிறது. இனத்தூய்மை பேசியவனின் பெயரை, இனங்கள் கலந்த ஒரு நாடு, அவன் அனுமதியின்றி எடுத்துத் தன் பிள்ளைகளுக்குச் சூட்டி, எழுத்தையும் ஒலியையும் மாற்றிப் புழங்குகிறது. அறியாமல் செய்தார்கள் என்று சொல்வோர் உண்டு. அறியாமல் செய்ததாகவே இருக்கட்டும், செயல் செயல்தான். ஆயினும் அதனால் பழி கழுவப்பட்டுவிட்டது என்று கவிஞர்கள் எழுதிவிடக் கூடாது. எருசலேமில் கதவை அறைந்து சென்றவரின் வாக்னரும், ரியோத் தெருவில் பந்தை உதைக்கும் வாக்னரும் வெவ்வேறு சொற்கள். ஒன்றைக் காட்டி மற்றொன்றை அடைக்க நமக்கு உரிமை இல்லை.

சொல் பிறந்த நாட்டிலோ அது முதற்பெயராவது எளிதன்று. குடும்பப் பெயராக அறியப்பட்ட ஒன்றைப் பிள்ளைக்கு முதற்பெயராகப் பதிய ஜெர்மன் பதிவு அலுவலர்கள் பொதுவாக உடன்படுவதில்லை. 2008இல் ‘லூட்கே’ என்னும் குடும்பப் பெயரைப் பிள்ளையின் கூடுதல் முதற்பெயராக வைக்க ஒரு பெற்றோர் நீதிமன்றப் படியேறிக் கூட்டாட்சி உயர்நீதிமன்றம் வரை செல்ல வேண்டியிருந்தது. பிள்ளையின் நலனுக்குக் கேடில்லை என்று கூறி நீதிமன்றம் அனுமதித்தது. கணக்கனின் பேனா எழுநூறு ஆண்டுகளுக்கு முன் வகுத்த எல்லைக்கோடு இன்னும் அழியவில்லை.

2025 மே மாதம் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகருக்கான விருது பாஹியா மாநிலத்தவரான வாக்னர் மோராவுக்கு வழங்கப்பட்டது. படத்தின் பெயர் ‘இரகசிய முகவர்’. 1977இல், இராணுவ ஆட்சிக் காலத்தில், ரெசிஃபே நகரில் வேறொருவர் பெயரில் மறைந்து வாழும் ஒரு மனிதனாக அவர் அதில் நடித்திருக்கிறார்.